காட்டெருமைக்கு இன்சூரன்ஸ் இல்லை

முந்தாநாள் ஊட்டி கோர்ட்டில் சாட்சிக் கூண்டில் நின்றேன். இந்நேரம் யாராவது உனக்குப் போனில் சொல்லியிருப்பார்கள். பாதி சொல்லியிருப்பார்கள். மீதியை நான்தான் சொல்ல வேண்டும். பேசினால் நீ குறுக்கே பேசுவாய், நான் அழுவேன், அழுதால் "சரி உடும்மா" என்று வைத்துவிடுவாய். அதனால் எழுதுகிறேன். பள்ளிக்கூடத்துத் தேர்வுத் தாள்கள் திருத்தாமல் கிடக்கின்றன. வெளியே கேத்திப் பள்ளத்தாக்கில் யாரோ முட்டைக்கோசுக்கு மருந்தடிக்கிறார்கள். மோட்டார் சத்தம். ஜன்னலைச் சாத்தியும் நெடி உள்ளே வருகிறது.

கடைசியாகப் பேசியபோது நீ இரண்டு விஷயம் சொன்னாய். காட்டெருமை வரவில்லை என்று கோர்ட்டில் சொல்லிவிடு என்றாய். உன் கல்யாணப் பத்திரிகையைச் சரசக்கா வீட்டுக்கு வைக்கக் கூடாது என்றாய். இரண்டும் ஒன்றுதான் என்று எனக்குத் தெரியும். சரசக்காவின் மகன் கார்த்தி ஓட்டிய வண்டியில்தான் உன் அப்பா செத்தார். கார்த்தி உன்னோடு ஒன்றாகப் படித்தவன், நம் வீட்டில் பாதி நாள் சாப்பிட்டவன். "கொன்னவனைக் காப்பாத்தி வெச்சிருக்கே" என்றாய். நான் போனை வைத்துவிட்டேன். பதில் இல்லாமல் வைக்கவில்லை. பதில் நீளமாக இருந்தது.

நீ அப்போதுதான் ஓசூரில் வேலைக்குச் சேர்ந்திருந்தாய். செய்தி கேட்டு வந்தாய், கொள்ளி வைத்தாய், காரியம் முடிந்ததும் போய்விட்டாய். போகச் சொன்னதும் நான்தான். அதனால் பல விஷயங்கள் உனக்குத் துண்டு துண்டாகத்தான் தெரியும். உன் அப்பா குத்தகைக் காட்டில் கேரட் போட்டிருந்தார். கேரட்டுக்குப் பொறுமை கிடையாது. பிடுங்கிய கையோடு கழுவ வேண்டும், கழுவியதும் மூட்டை ஏற்ற வேண்டும், மண்டியில் ஏலம் தொடங்குவதற்குள் மேட்டுப்பாளையம் இறங்கியிருக்க வேண்டும். பிந்தினால் விலை விழும். இங்கே டிரைவர் தூங்குவது என்பது லோடு இல்லாத நாளில் நடக்கும் காரியம். குன்னூர்க்காரர் ஒருவரின் பிக்கப்பைக் கார்த்தி ஓட்டிக்கொண்டிருந்தான். அப்பா அவன் பக்கத்தில் உட்கார்ந்து லோடோடு போனார். பர்லியாருக்கு மேலே ஒரு வளைவில் வண்டி தடுப்புச் சுவரை உடைத்துக்கொண்டு கீழே இறங்கி ஒரு மரத்தில் மோதி நின்றது. மரம் அப்பாவின் பக்கம். கார்த்திக்குக் கை மட்டும் உடைந்தது.

குன்னூர் ஆஸ்பத்திரி வராந்தாவில் என்னைப் பார்த்ததும் கார்த்தி சொன்னது ஒரே வாக்கியம். "கண்ணு அசந்துட்டேனுங்க அத்தை." நம் தெருக்காரர்கள் நாலைந்து பேர் அங்கே நின்றிருந்தார்கள். எல்லோருக்கும் கேட்டது. போலீஸ் இன்னும் வரவில்லை. அவர்களில் ரங்கண்ணன்தான் அவன் பக்கத்தில் போய்க் குனிந்து, காட்டெருமை குறுக்கே வந்தது, ஒதுக்கப் பார்த்தேன், வண்டி போய்விட்டது, இதைத் தவிர வாயைத் திறக்காதே என்று சொன்னார். கார்த்தி மாட்டேன் என்பதுபோல் தலையை ஆட்டினான். ரங்கண்ணன் அவன் வாயைக் கையால் பொத்தினார். பிறகு நிமிர்ந்து என்னைப் பார்த்தார். எல்லோரும் என்னைப் பார்த்தார்கள். நான் சரி என்றேன்.

அதற்காக நான் வருத்தப்படவில்லை. இந்த மலையில் யாரும் சந்தேகப்படாத பொய் அது. தேயிலைத் தோட்டத்திலிருந்து ரோட்டில் காட்டெருமை இறங்காத நாள் உண்டா? வகுப்புக்குத் தாமதமாக வரும் பிள்ளைகள் அதைத்தான் சொல்கிறார்கள். நான் ஒன்றும் கேட்பதில்லை. பாதி நேரம் நிஜம். ஒருவர் செத்த தெரு, இன்னொருவனை ஜெயிலுக்கு அனுப்ப வேண்டாம் என்று நினைத்தது. அவ்வளவுதான். அந்தப் பொய்யை நாங்கள் கார்த்திக்குக் கொடுத்தோம். அதை வேறொருவர் எடுத்துக்கொண்டு போவார் என்று யாருக்கும் தோன்றவில்லை.

காரியம் முடிந்த சில நாட்களில் ஒருவர் வந்தார். வாசலில் ஷூவைக் கழற்றினார். அப்பாவின் படத்துக்கு முன்னால் கைகூப்பி நின்றார், கொஞ்சம் நேரம் அதிகமாகவே நின்றார். இன்சூரன்ஸ் கம்பெனி அனுப்பியதாகச் சொன்னார், எனக்குப் பணம் சீக்கிரம் வரத்தான் வந்திருப்பதாகச் சொன்னார். மெதுவாகப் பேசினார். கார்த்தியைப் பற்றிக் கேட்டார். நல்ல பையனாமே, நிதானமாகத்தான் ஓட்டுவானாமே என்றார். ஆமாங்க என்றேன். அந்தப் பையன் மேல் எனக்கு வருத்தமில்லை என்று யாரிடமாவது சொல்ல வேண்டும்போல் அப்போது இருந்தது. இவரிடம் சொன்னேன். "காட்டெரும குறுக்க வந்தா மனுசன் என்ன பண்ண முடியுங்க?" என்றார். ஒன்றும் பண்ண முடியாதுங்க என்றேன். பையிலிருந்து தாளை எடுத்து எல்லாவற்றையும் எழுதினார். படித்துப் பார்த்துக் கையெழுத்துப் போடச் சொன்னார். படித்தேன். எம்.ஏ. படித்தவள். இரண்டு எழுத்துப் பிழைகள் இருந்தன. திருத்திவிட்டுக் கையெழுத்துப் போட்டேன்.

உன் துக்கத்தில் யாராவது மெதுவாகப் பேசினால், அவர் யாருடைய சம்பளத்தில் மெதுவாகப் பேசுகிறார் என்று பார்த்துக்கொள். கெட்டவர் என்று சொல்லவில்லை. அன்றைக்கு அவருக்கு உண்மையாகவே வருத்தம் இருந்திருக்கலாம். அதுதான் எனக்குக் குமட்டுகிறது. அந்த வருத்தத்தையும் அவர் வேலைக்கு எடுத்துக்கொண்டார்.

வழக்குப் போட்ட பிறகுதான் விஷயம் புரிந்தது. நம் வக்கீல் குன்னூரில் மாடியறை வைத்திருக்கிறாரே, அவர் அந்தத் தாளின் நகலைப் படித்துவிட்டுக் கண்ணாடியைக் கழற்றினார். "டீச்சர், காட்டெருமைக்கு இன்சூரன்ஸ் இல்லீங்களே" என்றார். பிறகு குழந்தைக்குச் சொல்வதுபோல் சொன்னார். டிரைவர் மீது தப்பு என்றால் வண்டிக்காரருக்குப் பதிலாகக் கம்பெனி கொடுக்கும். அதற்குத்தான் அவர் வருஷா வருஷம் பிரீமியம் கட்டுகிறார். கார்த்தி கையிலிருந்து ஒரு பைசா போகாது. ஆனால் மிருகம் குறுக்கே வந்தது என்றால் யார் மீதும் தப்பில்லை. யார் மீதும் தப்பில்லை என்றால் சட்டத்தில் எல்லாருக்கும் பொதுவாக ஒரு சின்னத் தொகை உண்டு, அதை வாங்கிக்கொண்டு போக வேண்டியதுதான். அப்படியானால் காட்டெருமை வரவில்லை என்று சொன்னால் கார்த்திக்கு என்ன ஆகும் என்று கேட்டேன். போலீஸ் மூடிவைத்த கேஸ் திரும்ப எழும்பலாம், லைசென்ஸ் போகலாம், ஜெயில்கூட ஆகலாம் என்றார். சொல்லிவிட்டு டீ சொல்லட்டுமா என்று கேட்டார்.

கம்பெனி போட்ட எதிர் மனுவை நீ படித்ததில்லை. நான் படித்தேன், இரண்டு தரம். நான் அப்பாவின் மனைவிதான் என்பதை நிரூபிக்க வேண்டுமாம். அவர் செத்ததை நிரூபிக்க வேண்டுமாம். அந்த வண்டியில் அவர் இருந்ததையே ஒப்புக்கொள்ளவில்லை. அடுத்த பத்தியில், இருந்திருந்தாலும் ஒழுங்காக உட்காரவில்லை. அதற்கடுத்த பத்தியில் டிரைவர் மிகுந்த கவனத்தோடு ஓட்டிவந்தபோது காட்டெருமை வந்தது. அவர் சாகவில்லை, செத்திருந்தால் இதனால் இல்லை, இதனால் என்றால் அவர் தப்பு, அவர் தப்பு இல்லையென்றால் மாட்டின் தப்பு. என் மாணவன் யாராவது இப்படி ஒரு கட்டுரை எழுதியிருந்தால் கூப்பிட்டு உட்காரவைத்துப் பேசியிருப்பேன். எல்லாருக்கும் இதே தாள்தான், பேரை மட்டும் மாற்றுவார்கள் என்றார் வக்கீல். அதைச் சமாதானமாகச் சொன்னார்.

நீயும் ஒரு குடும்பம் ஆகப்போகிறாய், அதனால் இது உனக்குத் தெரிய வேண்டும். ஒரு மனிதன் தன் வீட்டுக்கு என்னவாக இருந்தான் என்று எழுத இழப்பீட்டு மனுவில் அவர்கள் தருவது ஒரு கட்டம். மாத வருமானம். அதிலும் மூன்றில் ஒரு பங்கை வெட்டிவிடுவார்கள். உயிரோடு இருந்திருந்தால் அதை அவர் தனக்காகவே செலவழித்திருப்பார் என்பது கணக்கு. தின்றிருக்கக்கூடிய சோறு, குடித்திருக்கக்கூடிய டீ, வாங்கியிருக்கக்கூடிய ஸ்வெட்டர். உன் அப்பா தனக்கென்று ஸ்வெட்டர் வாங்கிய வருஷம் எது என்று யோசித்துப் பார்த்தேன். நினைவுக்கு வரவில்லை. உன்னுடைய பழையதைப் போட்டுக்கொண்டு திரிந்தார். மிச்சத்தை வயதுக்குத் தகுந்த ஒரு எண்ணால் பெருக்குவார்கள். வயது ஏற ஏற எண் குறையும். அப்பாவின் ஆதாரில் பிறந்த வருஷம் தப்பு, ஒரு வயது கூட என்று அவரே சொல்லிச் சிரிப்பார். அந்த ஒரு வயதால் எண் ஒன்று இறங்குகிறது. வக்கீல் அதைச் சொன்ன அன்று பஸ்ஸில் வரும்போது எனக்கு அப்பா மேல் கோபம் வந்தது. ஒரு நடை போய் அதைத் திருத்தியிருக்கக் கூடாதா என்று. அறவங்காடு தாண்டும்வரை அந்தக் கோபம் இருந்தது. பிறகுதான் யார்மேல், எதற்கு என்று உறைத்தது. ஜன்னலுக்கு வெளியே வாந்தி எடுத்தேன். பக்கத்தில் இருந்தவர் மலைப்பாதை ஒத்துக்கொள்ளவில்லை என்று நினைத்து எலுமிச்சம்பழம் கொடுத்தார். இந்த மலையிலேயே பிறந்தவளுக்கு.

இனி உனக்குத் தெரியாதது.

விபத்துக்கு முந்தின நாள் கார்த்தி ஏற்கெனவே மேட்டுப்பாளையம் ஒரு நடை போய்த் திரும்பியிருந்தான். நம் கேரட்டுக்கு வேறு வண்டி கிடைக்கவில்லை. அப்பா போய் அவனை எழுப்பினார். நானும் கூடப் போனேன், ஃபிளாஸ்கில் வரக்காப்பியோடு. பையன் இப்போதுதான் படுத்தான் என்று சரசக்கா வாசலில் நின்று தயங்கினாள். "இந்த ஒரு நடைதான் சரசு. நான் பேச்சுக் குடுத்துக்கிட்டே வர்றேன், அவனைத் தூங்க உட மாட்டேன்" என்றார் அப்பா. கார்த்தி சட்டையை மாட்டிக்கொண்டே வந்தான். மாமா கூப்பிட்டால் அவன் வராமல் இருந்ததில்லை. இதை நான் உன்னிடம் சொல்லவில்லை. உன் அப்பாவை உனக்குப் பத்திரமாக வைத்திருக்கலாம் என்று நினைத்தேன்.

முந்தாநாள் காலையில் கேத்தி பஸ் ஸ்டாப்பில் கார்த்தி நின்றிருந்தான். அவனை யாரும் கூப்பிடவில்லை. பஸ்ஸில் என் பக்கத்தில் உட்கார்ந்தான். லவ்டேல் தாண்டியது. பிறகு அப்பா அன்றைக்கு என்ன பேசிக்கொண்டு வந்தார் என்று சொல்ல ஆரம்பித்தான். உன் வேலையைப் பற்றி, ஓசூரில் உனக்கு ரூம் கிடைத்ததைப் பற்றி, ஓசூர் கேரட்டில் ருசி கிடையாது என்பதைப் பற்றி. கார்த்தி சிரித்தான், நானும் சிரித்தேன். எத்தனையோ மாதம் கழித்து அப்பா பேசுவதைக் கேட்டதுபோல் இருந்தது. "குன்னூர் தாண்டினதும் மாமா தூங்கிட்டாங்க அத்தை" என்றான். "எழுப்பலாம்னுதான் கை வெச்சேன். ஒரு வாரமாக் காட்டுலயே கெடந்த மனுசன். மனசு வரலீங்க."

அவனை எழுப்ப உன் அப்பாவுக்கு மனசு வந்தது. அவரை எழுப்ப அவனுக்கு வரவில்லை. இதை எந்தக் கட்டத்தில் எழுதுவது என்று தெரியவில்லை.

இறங்கும்போது கார்த்தி, அவனுக்காக இனிமேல் பொய் சொல்ல வேண்டாம் என்றான்.

கம்பெனி வக்கீல் ஒரு பெண். என்னிடம் படித்தவள் என்று சொன்னால் நம்பலாம், அந்த வயது. மரியாதையாகத்தான் கேட்டாள். காட்டெருமை வந்ததால்தான் விபத்து என்று விசாரிக்க வந்தவரிடம் எழுதிக் கொடுத்தது நான்தானா என்றாள். ஆமாம் என்றேன். எழுத்துப் பிழையைக்கூட நீங்களே திருத்தியிருக்கிறீர்கள் என்று தாளை உயர்த்திக் காட்டினாள். ஆமாம். அப்படியானால் அதில் உள்ளது உண்மை. "இல்லீங்க. பொய்" என்றேன்.

ஜட்ஜ் நிமிர்ந்து பார்த்தார். ஏன் பொய் சொன்னீர்கள் என்று அவரே கேட்டார். அந்தப் பையனுக்காக என்றேன். இப்போது பணத்துக்காக மாற்றிச் சொல்கிறீர்கள் என்றாள் அந்தப் பெண். அந்த வாக்கியத்துக்கு நான் தயாராகித்தான் போயிருந்தேன். இல்லவே இல்லை என்று சொல்ல வேண்டும் என்று நம் வக்கீல் சொல்லிக் கொடுத்திருந்தார். முடிந்தால் அழுங்கள் என்றும் சொல்லியிருந்தார். எனக்கு அழுகை வரவில்லை. "பணத்துக்காகவுந்தாங்க" என்றேன். பிறகு யாரும் கேட்காமலே மிச்சத்தையும் சொன்னேன். அப்பா போய் எழுப்பியதை. நான் காப்பி ஊற்றிக் கொடுத்ததை. வழியில் அவர் தூங்கிப்போனதை.

அவள் ஒரு நொடிகூட விடவில்லை. ஓய்வில்லாத டிரைவரை வற்புறுத்தி அழைத்துப் போனது உங்கள் கணவர்தான், ஆகவே விபத்துக்கு அவரும் பொறுப்பு என்றாள். நம் வக்கீல் கண்ணால் ஜாடை காட்டினார். ஜட்ஜ் காத்திருந்தார். டைப் அடிப்பவர் காத்திருந்தார். "ஆமாங்க" என்றேன். அதையும் அடித்தார்கள்.

கேட்காததை எதற்குச் சொன்னீர்கள் என்று வக்கீல் வெளியே வந்து கத்தினார். இனி வரும் தொகையிலும் அப்பாவின் தப்புக்கென்று ஒரு பங்கை வெட்டுவார்களாம். வெட்டட்டும். உண்மை எது என்று அங்கே ஒருவருக்கும் கவலை இல்லை. பொய் சொன்னால் அதைத் தின்கிறார்கள், உண்மை சொன்னால் அதையும் தின்கிறார்கள், வாயைத் துடைத்துக்கொண்டு அடுத்த கேஸைக் கூப்பிடுகிறார்கள். அந்தக் கடைசிப் பதிலை நான் உனக்காகச் சொன்னேன். நீ அங்கே இல்லை. அதனால்தான் இந்தக் கடிதம்.

இதோடு முடிந்திருந்தால் நீ சொன்னதை நான் செய்துவிட்டேன் என்று எழுதி நிறுத்தியிருப்பேன். நேற்றுச் சாயங்காலம் அந்த மெதுவாகப் பேசும் மனிதர் சரசக்கா வீட்டுக்கு வந்திருக்கிறார். அங்கேயும் ஷூவைக் கழற்றியிருக்கிறார். அடுத்த வாய்தாவில் கார்த்தியைக் கம்பெனி தன் சாட்சியாகக் கூப்பிடப் போகிறதாம். காட்டெருமை வந்தது என்று மட்டும் சொல்லு தம்பி, அந்தம்மா பணத்துக்காகப் பேசுகிறது என்று ஆகிவிடும், உன் லைசென்ஸும் தப்பும் என்று சொல்லிவிட்டுப் போயிருக்கிறார். அது பொய் என்று அவருக்குத் தெரியும். கூண்டில் நின்று நான் சொன்ன பிறகு அந்தக் கம்பெனிக்கும் தெரியும். நாங்கள் ஆஸ்பத்திரி வராந்தாவில் ஒரு பையனைக் காப்பாற்ற உண்டாக்கிய மிருகத்தை, அவனிடமே திரும்ப ஓட்டிக்கொண்டு வந்து கட்டுகிறார்கள்.

அவர் போன கையோடு சரசக்கா இங்கே வந்தாள். உட்காரச் சொன்னேன், உட்காரவில்லை. "டீச்சர், எம் பையன் உள்ளதைச் சொல்லுவேங்கறான். வேண்டாம்னு நீங்க ஒரு வார்த்தை சொல்லுங்க. நீங்க சொன்னாக் கேப்பான்" என்றாள். சொல்லாதே என்று சொன்னால் உன் அப்பாவின் சாவுக்கு யாரும் காரணமில்லை என்று ஆகிறது. சொல் என்று சொன்னால் அவளுடைய பிள்ளையை நான் ஜெயிலுக்கு அனுப்புகிறேன். நாங்கள் இருவரும் ஒரே வாசலில் ஒருத்தி முகத்தை ஒருத்தி பார்க்காமல் நின்றோம். கம்பெனிக்கு இதற்குச் செலவு ஒரு பஸ் டிக்கெட்.

கடைசியில் நானே கார்த்தியைக் கூப்பிட்டேன். கேஸை வாபஸ் வாங்கிவிடுகிறேன், நீ எந்தக் கூண்டும் ஏற வேண்டாம் என்றேன். மனதாரத்தான் சொன்னேன். உன்னைக் கேட்காமல் சொன்னேன், அதற்கு நீ கோபித்துக்கொள்ளலாம். அவன் தரையைப் பார்த்துக்கொண்டு நின்றான். அந்தக் கை இன்னும் முழுதாக நீட்ட வரவில்லை அவனுக்கு.

"வாங்காதீங்க அத்தை" என்றான். "அன்னிக்கு ஆஸ்பத்திரியில சொல்ல வந்தேன், யாரும் சொல்ல உடல. எனக்கு ஒரு தடவயாச்சும் முழுசாச் சொல்லணுங்க."

சரசக்கா புடவைத் தலைப்பால் வாயை மூடிக்கொண்டு போய்விட்டாள். கோர்ட்டுக்கு வர மாட்டேன் என்று தெருவில் நின்று சொன்னாள். நானும் அவனோடு உட்கார முடியாது. நான் மனுதாரர், அவன் எதிர்த்தரப்பின் சாட்சி. பேசிக்கொண்டால் அதையும் ஒரு கேள்வியாகக் கேட்பார்கள் என்கிறார் வக்கீல். உனக்கு அந்தத் தொல்லை இல்லை. மனுவில் உன் பெயரும் இருக்கிறதுதான், ஆனால் நீ கூண்டேறப் போவதில்லை. கேட்டால் கேட்கட்டும்.

பத்திரிகை உன் கல்யாணத்துடையது. யாருக்கு வைப்பது என்பதில் நான் தலையிட மாட்டேன். வாய்தா அடுத்த மாதம், தேதி வந்ததும் சொல்கிறேன். லீவு கிடைக்குமா என்று கேட்டு வை. பெயரைக் கூப்பிடும்வரை வெளியே ரொம்ப நேரம் காக்கவைப்பார்கள். ஊட்டிக் குளிர் வேறு. அவன் பக்கத்தில் உட்கார ஒரு ஆள் வேண்டும்.